சுவருக்கு அப்பால் ஒரு குரல்

கேமரன் மலையில் பனிமூட்டம் இறங்கிவிட்டால் பத்தடிக்கு அப்பால் நிற்பவரின் முகம் தெரியாது. இதை உங்களுக்கு நாம் சொல்ல வேண்டியதில்லை. கொழுந்துச் சரிவில் அந்த நேரத்தில் நம்மை வழிநடத்துவது காதுதான். மேல் வரிசையிலிருந்து கூப்பிடுவது யார் என்பதைக் குரலை வைத்தே அறிந்துகொள்கிறோம். கீழே பாதையில் வரும் லாரி எந்த வளைவில் திரும்புகிறது என்பதை அதன் இரைச்சலை வைத்தே சொல்லிவிடுகிறோம். மூட்டம் விலகியதும் கண் மறுபடியும் எஜமானன் ஆகிவிடுகிறது. காது வேலைக்காரனாகப் பின்னால் போய்விடுகிறது.

இந்த மூட்டம் விலகவே விலகாது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு மனிதனை நான்கு சுவர்களுக்குள் அடைத்து, கதவைப் பூட்டி, மாதக்கணக்காக, ஆண்டுக்கணக்காக வைத்துவிட்டால், அவன் எதைக் கொண்டு பொழுதை அறிவான்? எதைக் கொண்டு மனிதர்களை அறிவான்? சிறைவாசத்தில் ஒலி என்ன வேலை செய்கிறது, விடுதலையான பிறகும் அது எப்படி நினைவில் தங்கிவிடுகிறது என்பதைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம்.

நமக்கு எதற்குச் சிறையைப் பற்றிய பேச்சு என்று நீங்கள் நினைக்கலாம். சயாமுக்கு ஆள் அனுப்பிய வீடுகள் நம் தோட்டங்களில் எத்தனை உண்டு! இன்றைக்கும் ஏதோ ஒரு வழக்கில் மாட்டிக்கொண்ட பிள்ளையைப் பார்க்க, அக்கம்பக்கத்தாருக்குத் தெரியாமல் விடியற்காலையில் பஸ் ஏறும் தாய்மார்களும் உண்டு. ஆகவே இது நம் வீட்டுப் பேச்சுதான்.

முதலில் காதைப் பற்றிச் சிறிது தெரிந்துகொள்வோம். கண்ணுக்கு இமை உண்டு, காதுக்கு இல்லை. தூங்கும்போதுகூட அது திறந்தே இருக்கிறது. தொட்டிலில் குழந்தை முனகினால் எழுந்துவிடும் தாய், வெளியே இடி இடித்தாலும் எழுவதில்லை. வெளிச்சம் நேராகப் போவது, சுவர் தடுத்தால் நின்றுவிடும். ஒலி அப்படியல்ல. மூலை திரும்பும், கதவிடுக்கில் நுழையும். அதிலும் தாழ்ந்த சுருதியுள்ள ஓசை சுவரையே கடந்து வரும். அடுத்த லயத்துக் கலியாண வீட்டில் பாட்டின் சொற்கள் கேட்காமல், மேளத்தின் ‘தும் தும்’ மட்டும் நம் வீட்டுக்குள் வருவது இதனால்தான். ஒருவனைச் சுவருக்குள் வைத்து அவன் கண்ணை வென்றுவிடலாம். காதை வெல்வது அவ்வளவு எளிதல்ல.

சிறை கட்டியவர்களுக்கும் இது தெரிந்திருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் ஒரு புதிய எண்ணம் பரவியது. கைதியைத் தனியறையில், பேச்சே இல்லாத மௌனத்தில் வைத்தால் அவன் தன் குற்றத்தை எண்ணித் திருந்துவான் என்றார்கள். 1829இல் அமெரிக்காவின் பிலடெல்பியா நகரிலும், 1842இல் லண்டன் பெண்டன்வில்லிலும் அப்படிப்பட்ட சிறைகள் திறக்கப்பட்டன. காவலரின் நடைச் சத்தம்கூடக் கேட்கக்கூடாதென்று காலணிக்கு மேல் துணியுறை மாட்டிக்கொண்டு நடக்கச் செய்தார்கள். விளைவு என்ன? திருந்தியவர்களைவிடச் சித்தம் கலங்கியவர்களைப் பற்றித்தான் அதிகம் பேச வேண்டியதாயிற்று. முழு மௌனத்தில் மனித மூளை சும்மா இருப்பதில்லை, இல்லாத குரலை அதுவே உண்டாக்கிக் கொள்ளத் தொடங்குகிறது. ஒருவரைத் தொடர்ந்து 15 நாட்களுக்கு மேல் தனிச்சிறையில் வைக்கக்கூடாது என்று 2015இல் ஐக்கிய நாட்டு நிறுவனம் விதி வகுத்ததற்கு இந்த அனுபவங்களும் காரணம். நெல்சன் மண்டேலாவின் பெயரை அந்த விதிகளுக்கு வைத்திருக்கிறார்கள்.

வெள்ளைக்காரர்கள் அதே தனியறை முறையை நம் பக்கத்துக்கும் கொண்டுவந்தார்கள். 1896இல் தொடங்கி 1906இல் கட்டி முடித்த அந்தமான் சிறையைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். நடுவில் ஒரு கோபுரம், அதைச் சுற்றி வண்டிச் சக்கரத்தின் ஆரங்கள்போல் ஏழு கட்டடங்கள், ஏறக்குறைய 700 தனியறைகள். ஒரு கட்டடத்தின் முன்புறம் அடுத்த கட்டடத்தின் முதுகைப் பார்த்திருக்கும்படி கட்டினார்கள். ஒரு கைதி இன்னொரு கைதியின் முகத்தைப் பார்க்கவே முடியாது. நடுக் கோபுரத்தில் ஆபத்துக்கு அடிக்க ஒரு பெரிய மணி. அங்கே மணியடிக்கும் உரிமை அரசாங்கத்துக்கு உண்டு, பேசும் உரிமை கைதிக்கு இல்லை.

இந்த மௌனத்தை மனிதன் எப்படி உடைத்தான் என்பதற்கு ரஷ்ய நாட்டுக் கதை ஒன்றைச் சொல்ல வேண்டும். குரோபோட்கின் என்பவர் அரச குலத்தில் பிறந்தவர், புவியியல் அறிஞர். ஏழைத் தொழிலாளர்களிடையே அரசியல் பேசியதற்காக 1874இல் பிடிபட்டு, அப்போதைய தலைநகரான பீட்டர்ஸ்பர்க்கின் கோட்டைச் சிறையில் அடைக்கப்பட்டார். ஓசை கடக்காதிருக்க அந்த அறைச் சுவர்களுக்குக் கம்பளி போர்த்தியிருந்தார்கள். அவர் வாய்விட்டுப் பாடத் தொடங்கியபோது, பாடக்கூடாது என்று காவலர் தடுத்துவிட்டார். பிறகு ஒரு நாள் சுவரில் ‘டொக் டொக்’ என்று தட்டும் ஓசை வந்தது. பக்கத்து அறைக்கு ஆள் வந்துவிட்டது! அன்று முதல் விரலால் தட்டியே பேசினார்கள். ஆனால் அந்தக் காது அவருக்குத் துன்பத்தையும் கொண்டுவந்தது. கீழறையில் இருந்த விவசாயி ஒருவரின் புத்தி சிறிது சிறிதாகத் தடுமாறுவதையும் அவர் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. ஓடிப்போய் ஒரு வாய்த் தண்ணீர் கொடுக்க முடியுமா? கேட்க மட்டுமே முடியும்.

தட்டிப் பேசுவது எப்படி என்று இளைஞர்கள் அறிய விரும்பலாம். வியட்நாம் போரின்போது 1965 முதல் ஹனோய் சிறையில் இருந்த அமெரிக்க விமானிகள் ஒரு முறையைக் கையாண்டார்கள். ஆங்கில எழுத்தில் ஒன்றைத் தள்ளிவிட்டு, மிச்சம் 25 எழுத்தையும் வரிசைக்கு ஐந்தாக ஐந்து வரிசைகளில் அடுக்கினார்கள். முதலில் தட்டுவது எந்த வரிசை என்பதற்கு, அடுத்துத் தட்டுவது அதில் எத்தனையாவது எழுத்து என்பதற்கு. நம் தமிழுக்கு இப்படி ஒரு கட்டம் புதிதாகச் செய்ய வேண்டியதே இல்லை. முதலாம் வகுப்புச் சுவரில் தொங்கும் உயிர்மெய் அட்டவணையே போதும். பத்து முறை தட்டினால் பத்தாவது மெய், அது ‘ம்’. சற்று நிறுத்தி இரண்டு முறை தட்டினால் இரண்டாவது உயிர், ‘ஆ’. சேர்த்தால் ‘மா’. பிள்ளைகள் மழை நாளில் வீட்டுச் சுவரில் தட்டிப் பார்க்கட்டும்.

குரோபோட்கின் கதை இன்னும் முடியவில்லை. 1876இல் அவர் நோயுற்றதால் காவலுள்ள ராணுவ மருத்துவமனைக்கு மாற்றினார்கள். அங்கிருந்து அவரைத் தப்புவிக்க நண்பர்கள் திட்டமிட்டார்கள். பாதையில் ஆள் நடமாட்டம் இல்லை என்பதற்கு அடையாளமாகச் சிவப்புப் பலூன் ஒன்று மதிலுக்கு மேலே எழும்ப வேண்டும். குறித்த நாளில் நகரம் முழுதும் தேடியும் சிவப்புப் பலூன் கிடைக்கவில்லை. ஒரு குழந்தையிடம் வாங்கிய பலூன் மேலே எழவில்லை. அதைக் குடையில் கட்டித் தூக்கிக்கொண்டு மதில் ஓரமாக ஓர் அம்மையார் நடந்தும் பார்த்தார், மதில் உயரம் மறைத்துவிட்டது. அடுத்த முறை அடையாளத்தைக் காதுக்கு மாற்றினார்கள். எதிர்வீடு ஒன்றை வாடகைக்குப் பிடித்து, அதில் ஒருவர் பிடில் வாசித்தார். வாசிப்பு தொடர்ந்தால் வழி தெளிவு, நின்றால் ஆபத்து. முற்றத்தில் உலாவிக்கொண்டிருந்த கைதி, நின்றிருந்த பிடில் மீண்டும் விறுவிறுப்பாக எழுந்த நொடியில் மேலங்கியை உதறிவிட்டு ஓடினார், தப்பினார். மதில் மறைத்தது பலூனைத்தான். பிடிலை மறைக்கவில்லை.

நம் அண்டை மொழியான மலையாளத்திலும் ஒரு மதிலும் ஒரு குரலும் உண்டு. எழுத்தாளர் வைக்கம் முகம்மது பஷீர் 1940களின் தொடக்கத்தில் அரசாங்கத்தை எதிர்த்து எழுதியதற்காகத் திருவனந்தபுரம் மத்திய சிறையில் இருந்தார். அந்த அனுபவத்தை வைத்துப் பின்னாளில் ‘மதிலுகள்’ என்ற சிறு நாவலை எழுதினார். ஆண்கள் சிறைக்கும் பெண்கள் சிறைக்கும் நடுவே உயர்ந்த மதில். அப்பக்கம் ஒரு பெண்ணின் சிரிப்புச் சத்தம். அவள் பெயர் நாராயணி. இருவரும் முகம் பாராமலே பேசிப் பழகுகிறார்கள், அன்பு கொள்கிறார்கள். தான் வந்துவிட்டதற்கு அடையாளமாக அவள் உலர்ந்த சுள்ளி ஒன்றை மதிலுக்கு மேலே எறிவாள். கடைசியில் மருத்துவமனையில் சந்திக்கலாம் என்று நாள் குறிக்கிறார்கள். அந்த நாள் வருவதற்குள் அவருக்கு விடுதலை உத்தரவு வந்துவிடுகிறது. விடுதலை யாருக்கு வேண்டும் என்று ஒரு மனிதன் தவிக்கும் அந்த இடத்தைப் படித்தவர் மறக்கமாட்டார். அடூர் கோபாலகிருஷ்ணன் இதைப் படமாக எடுத்தபோது நாராயணியைத் திரையில் காட்டவே இல்லை, கே.பி.ஏ.சி. லலிதாவின் குரலை மட்டும் கேட்கவைத்தார். நல்ல முடிவு என்றே நமக்குத் தோன்றுகிறது. காட்டியிருந்தால் அவள் ஒரு நடிகையாகிப் போயிருப்பாள்.

ஒலியைக் கருவியாக்கித் துன்புறுத்துவதும் உண்டு. அதைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். 1971இல் வட அயர்லாந்தில் பிடித்து வைக்கப்பட்டவர்களில் 14 பேரைத் தலையில் முக்காடு போட்டு, சுவரோரம் நிற்க வைத்து, ஓயாத இரைச்சலைக் கேட்கச் செய்தார்கள். 1978இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் இதை மனிதத்தன்மையற்ற, இழிவான நடத்தை என்று தீர்ப்பளித்தது. காதுக்கு இமை இல்லை என்று சொன்னோமல்லவா, அதன் மறுபக்கம் இது.

இனி நம் பக்கத்துக் கதைக்கு வருவோம். 1942 பிப்ரவரி 15ஆம் நாள் சிங்கப்பூர் வீழ்ந்தது. அதற்குச் சற்று முன்பு கப்பலேறித் தப்பிய பெண்கள் பலர் சுமத்திராவின் அருகே கப்பல் மூழ்கியும் பிடிபட்டும் ஜப்பானியர் முகாம்களில் அடைபட்டார்கள். அவர்களில் மார்கரெட் டிரைபர்க் என்பவர் சிங்கப்பூரில் சமயத் தொண்டும் ஆசிரியப் பணியும் செய்தவர். நோரா சேம்பர்ஸ் என்பவர் மலாயாவில் பணிபுரிந்த பொறியாளர் ஒருவரின் மனைவி, இசை பயின்றவர். பலெம்பாங் முகாமில் பட்டினி, காய்ச்சல், எலி, மூட்டைப்பூச்சி. வாத்தியம் ஒன்றும் கிடையாது. இந்த இருவரும் என்ன செய்தார்கள் தெரியுமா? பெரிய வாத்தியக் குழுவுக்காக எழுதப்பட்ட மேல்நாட்டு இசையை நினைவிலிருந்து எடுத்து, நான்கு குரலுக்குப் பிரித்துப் பென்சிலால் எழுதினார்கள். முப்பது பெண்கள் சொல்லே இல்லாமல், ‘ஆ’ என்றும் ‘ஊ’ என்றும் ‘லா’ என்றும் வாயாலேயே பிடிலாகவும் குழலாகவும் ஆனார்கள். சொல் இல்லாததால் ஆங்கிலேயர், டச்சுக்காரர், ஆஸ்திரேலியர் யாருக்கும் மொழித் தகராறு இல்லை.

1943 டிசம்பர் 27ஆம் நாள் முதல் நிகழ்ச்சி. கூட்டம் கூடக்கூடாதென்ற உத்தரவு இருந்ததால் ஒரு காவலன் சத்தம் போட்டுக்கொண்டே தடுக்க வந்தான். வந்தவன் பாட்டைக் கேட்டு அப்படியே நின்றுவிட்டான். 1945இல் அந்தக் குழு நின்றுபோனது. பாடியவர்களில் பாதிப்பேருக்கு மேல் இறந்துவிட்டார்கள், மிச்சமிருந்தவர்களுக்குப் பாட மூச்சில்லை. டிரைபர்க் அம்மையார் அந்த ஆண்டு ஏப்ரலில் காலமானார். அவர்கள் எழுதிய தாள்களில் ஒரு கட்டு தப்பியது. 1980இல் அது அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. அதைப் பார்த்து இன்றும் பாடுகிறார்கள்.

அதே காலத்தில் நம்மவர்கள் எங்கே இருந்தார்கள்? தோட்டம் தோட்டமாக ஆள் சேர்த்து, சரக்கு ரயிலில் ஏற்றி, சயாமின் பான்போங்கில் இறக்கிக்கொண்டிருந்தார்கள். பர்மாவின் தான்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர் ரயில் பாதை 1942இல் தொடங்கி 1943 அக்டோபரில் இணைக்கப்பட்டது. போர்க் கைதிகள் 60,000 பேருக்கு மேல் உழைத்து 12,000 பேருக்கு மேல் மாண்டார்கள். தமிழர், மலாய்க்காரர், சீனர், பர்மியர், ஜாவாக்காரர் என்று ஆசியத் தொழிலாளர் தொகை இரண்டு லட்சத்தையும் தாண்டும் என்று மதிப்பிடுவோர் உண்டு. அவர்களில் மாண்டவர் 90,000 வரை இருக்கலாம். பெயருக்குக் கூலி, உண்மையில் திரும்பிவர வழியில்லாத சிறை.

அந்தப் பாதையில் என்ன கேட்டது? பாறையில் உளிக்கம்பி பிடித்துச் சம்மட்டி அடிக்கும் ஓசை, வெடி வைக்கும் ஓசை, 1943இன் ஓயாத மழை. வேலையை அவசரப்படுத்தக் காவலர் கத்திய ‘ஸ்பீடோ, ஸ்பீடோ’ என்ற சொல். அந்தக் காலகட்டத்துக்கே வெள்ளைக்காரக் கைதிகள் அந்தச் சொல்லைப் பெயராக வைத்துவிட்டார்கள். காலையும் மாலையும் ஆள் கணக்கு. வரிசையில் நின்று ‘இச்சி, நீ, சான், சி’ என்று ஜப்பானிய மொழியில் எண்ண வேண்டும். தப்பாகச் சொன்னால் கன்னத்தில் அறை. தோட்டத்துப் பெரட்டு நமக்குத் தெரியும். இது அந்தப் பெரட்டின் கொடிய அண்ணன்.

ஒரு வேறுபாட்டை இங்கே கவனிக்க வேண்டும். வெள்ளைக்காரக் கைதிகளுக்கு அதிகாரிகள் இருந்தார்கள், மருத்துவர்கள் இருந்தார்கள், ஒளித்து வைத்து நாட்குறிப்பு எழுதியவர்கள் இருந்தார்கள். தண்ணீர்க் குப்பிக்குள் வானொலிப் பெட்டியை மறைத்து வைத்து இரவில் செய்தி கேட்டார்கள். அதற்காக 1943இல் காஞ்சனாபுரியில் இரண்டு அதிகாரிகளை அடித்தே கொன்றார்கள். ஒரு குரலைக் கேட்பதற்கு அந்த விலை! நம்மவர்களுக்கு வானொலியும் இல்லை, பென்சிலும் இல்லை. பெரும்பாலோர்க்கு எழுத்தே தெரியாது. வெள்ளைக்காரரின் நினைவு காகிதத்தில் தங்கியது. நம்மவர்களின் நினைவு காதிலும் வாயிலும்தான் தங்கியது.

ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’, அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ போன்ற நாவல்கள் பிற்காலத்தில் வந்தன, படிக்கக் கிடைத்தால் விடாதீர்கள். ஆனால் எழுதப்படாதது இன்னும் எவ்வளவோ. சயாமிலிருந்து திரும்பிய தாத்தா எதுவுமே பேசமாட்டார் என்று பல குடும்பங்களில் சொல்வார்கள். பேசமாட்டார், ஆனால் ‘இச்சி, நீ, சான்’ என்று பேரப்பிள்ளைகளுக்கு எண்ணிக் காட்டியிருப்பார். இரவில் ரயில் ஊதினால் எழுந்து உட்கார்ந்திருப்பார். கல் உடைக்கும் இடத்தைச் சுற்றிக்கொண்டு வேறு வழியாகப் போயிருப்பார். வீட்டில் இதைக் கிறுக்கு என்று சொல்லிச் சிரித்திருப்போம். பயத்தோடு சேர்ந்து காதில் நுழைந்த ஓசையை மூளை தனி இடத்தில் வைத்துக்கொள்கிறது. யோசிக்கும் முன்பே உடம்பு அதற்கு விடை சொல்லிவிடுகிறது. நெஞ்சு படபடக்கிறது, கை வியர்க்கிறது. இது கோழைத்தனமும் அல்ல, கிறுக்கும் அல்ல.

அந்தத் தலைமுறையில் இன்று உயிரோடு இருப்பவர் மிகச் சிலரே. ஆனால் அவர்களின் மகன், மகள் நம் லயங்களில் இருக்கிறார்கள். அவர்களிடம் ‘அங்கே என்ன நடந்தது’ என்று கேட்டால் ‘எனக்கென்ன தெரியும்’ என்று முடித்துவிடுவார்கள். ‘உங்கள் அப்பாவுக்கு எந்தச் சத்தம் பிடிக்காது? தூக்கத்தில் என்ன சொல்லிக் கத்துவார்? சயாமைப் பற்றி என்ன பாட்டுப் பாடுவார்கள்?’ என்று கேட்டுப் பாருங்கள். எல்லார் கையிலும் இப்போது பதிவு செய்யும் தொலைபேசி இருக்கிறது. கலியாண வீட்டுக் கூத்தையெல்லாம் பிடிக்கிறோம். பாட்டியின் ஒப்பாரியையும் ஐந்து நிமிடம் பிடித்து வைக்கலாம்.

கடைசியாக, விடியற்காலையில் பஸ் ஏறும் அந்தத் தாய்மார்களுக்கு ஒரு வார்த்தை. சந்திப்பு நேரத்தில் நடுவே கண்ணாடி இருக்கும், பேசுவதற்குக் குழாய் போன்ற ஒரு கருவி இருக்கும். கொஞ்ச நேரம்தான் கிடைக்கும். வழக்கறிஞர் என்ன சொன்னார், பணம் எவ்வளவு தேவை என்பதிலேயே பாதி நேரம் போய்விடும். மிச்ச நேரத்தில் என்ன பேசுவதென்று தெரியாமல் அழுதுவிட்டு வருகிறோம். உள்ளே இருப்பவனுக்கு இரும்புக் கதவும் சாவிக்கொத்தும் மற்றவர் கூச்சலும்தான் நாள் முழுதும் கேட்கின்றன. ஆகவே வீட்டுச் சத்தத்தைக் கொண்டுபோய்க் கொடுங்கள். பக்கத்து வீட்டுச் சேவல் இன்னும் நேரம் தவறித்தான் கூவுகிறது என்று சொல்லுங்கள். கோயில் திருவிழாவுக்கு உறுமி மேளம் எந்த ஊரிலிருந்து வந்தது, கூரைத் தகரத்தில் இந்த முறை மழை எப்படி அடித்தது, சின்னவள் ‘மாமா’ என்று கூப்பிடக் கற்றுக்கொண்டாளா என்பதைச் சொல்லுங்கள். கூடுமானால், விதி இடம் கொடுத்தால், சின்னவளையே அழைத்துப் போய் அந்தக் கருவியில் ஒரு தடவை கூப்பிடச் சொல்லுங்கள்.